ஒரு சாண் இடைவெளி: பரோட்டாக் கடைச் சண்டைக் காட்சி, ஒரு நிகழ்வு ஆய்வு

பின்னணி

பொள்ளாச்சியிலிருந்து மேற்கே போய் கோபாலபுரம் சோதனைச் சாவடியைத் தாண்டினால் பாலக்காடு மாவட்டத்துச் சித்தூர் தாலுகா. கொழிஞ்சாம்பாறை, மீனாட்சிபுரம், வேலந்தாவளம் பக்கமெல்லாம் வீட்டில் தமிழும் அலுவலகத்தில் மலையாளமுமாக ஓடுகிற ஊர்கள். குறைந்த முதலீட்டில் எடுத்த ஒரு குடும்பச் சண்டை நகைச்சுவைப் படத்துக்கு இந்த எல்லையோரத்தில்தான் படப்பிடிப்பு நடந்தது. வீட்டுக் காட்சிகள் தமிழ்நாட்டுப் பக்கத் தென்னந்தோப்பு ஒன்றில். உச்சக் காட்சி கேரளப் பக்கம், எல்லையிலிருந்து நடந்தே போகக்கூடிய தூரத்தில் இருந்த ஒரு பரோட்டாக் கடையில்.

கதை எளிது. பரோட்டா அடிக்கும் அப்பா, கல்யாணத்துக்கு முன் கொரியத் தற்காப்புக் கலையான டேக்வாண்டோ ஆடிய அம்மா, கிளப்பில் பயிலும் மகள், மகன். வட்டிப் பாக்கிக்காகக் கடையைப் பூட்ட வருகிறவர்களைக் குடும்பமே சேர்ந்து விரட்டுகிறது. மகளாகவும் மகனாகவும் நடித்தவர்கள் நிஜத்திலும் அக்கா தம்பி. அவளுக்கு 17 வயது, மாநிலப் போட்டிகளில் ஆடுகிறவள். பையனுக்கு 12. வட்டிக்காரராக நடித்தவர் நாடக மேடையில் பழகிய நகைச்சுவை நடிகர்.

யூனிட்டில் 16 பேர். தனியாக ஸ்டண்ட் மாஸ்டர் வைக்கவில்லை. பிள்ளைகள் பயிலும் கிளப்பின் மாஸ்டரே உதைகளை அமைத்துக் கொடுத்தார். செலவைக் குறைப்பது ஒரு காரணம்தான். நிஜமாகவே உதைக்கத் தெரிந்தவர்கள் கையில் இருக்கும்போது ஸ்டண்ட் மாஸ்டர் எதற்கு என்ற நினைப்பு அதைவிடப் பெரிய காரணம். அடுத்த இரண்டு நாட்களில் நடந்தவற்றில் பெரும்பகுதி இந்த நினைப்பிலிருந்து வந்தது.

முதல் நாள்: உடையாத பலகை

அப்பா பதற்றத்தில் பலகையைக் கேடயமாகப் பிடிக்க, மகன் தெரியாமல் அதையே உதைத்து உடைப்பதாக ஒரு சிரிப்புக் கட்டம். கிளப்பில் பையன் உடைத்துப் பழகியது 12 மில்லிமீட்டர் பைன் பலகை, பேக்கிங் பெட்டிகளுக்குப் போடும் மரம். அது வெளிர் நிறமாக இருக்கிறது, கடைச் சாமான் போலத் தெரியவில்லை என்று கலைத்துறையினர் அதே கனத்தில் பிளைவுட் வாங்கிவந்து, கறுத்த மரம் மாதிரி வண்ணம் அடித்து வைத்துவிட்டார்கள். மாஸ்டரிடம் யாரும் சொல்லவில்லை.

சாதாரணப் பலகை நார் ஓடும் திசையில்தான் பிளக்கும். பிளைவுட்டில் ஒவ்வொரு அடுக்கின் நாரும் அடுத்த அடுக்குக்குக் குறுக்கே ஒட்டியிருக்கும்; பிளக்க வழியே கிடையாது. பையன் யொப் சாகி என்கிற பக்கவாட்டு உதையை முழு வேகத்தில் குதிகாலால் கொடுத்தான். பலகை அப்படியே நின்றது. உதையின் வேகம் முழுக்கக் குதிகாலுக்கே திரும்பியது. எலும்பு முறிவு இல்லை, ஆனால் இரத்தம் கட்டி நான்கு நாள் காலூன்ற முடியவில்லை. பலகையைப் பிடித்திருந்த அப்பா நடிகருக்கும் மணிக்கட்டில் சுளுக்கு. முழங்கையை மடக்கியே பிடித்திருந்தார். பலகை பிடிக்கிறவர் கையை நீட்டிப் பூட்டி, ஒரு காலைப் பின்னால் ஊன்றி நிற்க வேண்டும் என்பது கிளப்பில் சின்னப் பிள்ளைகளுக்கே தெரிந்த விஷயம்; செட்டில் அதை அவருக்குச் சொல்லித் தர ஆள் இல்லை.

பையனை வீட்டுக்கு அனுப்பிவிட்டு மறுநாள் மகளின் காட்சிகளை எடுக்க முடிவானது. ஏன் இப்படி ஆயிற்று என்று அன்று மாலை யாரும் உட்கார்ந்து பேசவில்லை.

இரண்டாம் நாள்: ஏழாவது டேக்

கட்டம் இது. வட்டிக்காரர் வாயில் ஈர்க்குச்சியைக் கடித்தபடி கல்லாவில் சாய்ந்து மிரட்டுகிறார். மகள் ஒரே டோல்யோ சாகியில், அதாவது சுற்றி வீசும் உதையில், அந்தக் குச்சியை மட்டும் பறக்கவிடுகிறாள். அவர் முகத்தில் கால் படவே இல்லை என்பதுதான் வேடிக்கை.

கேமரா பக்கவாட்டில், 24 மில்லிமீட்டர் லென்ஸ், இரண்டு பேரும் முழு உடலோடு சட்டகத்தில். முதல் டேக்கில் பாதத்துக்கும் முகத்துக்கும் நடுவே இரண்டு சாண் இடைவெளி மானிட்டரில் பளிச்சென்று தெரிந்தது. 'இன்னும் கொஞ்சம் கிட்ட' என்றார் இயக்குநர். அடுத்த டேக்குகளிலும் அதே வார்த்தை. ஆறாவது டேக்கில் இடைவெளி நான்கு விரல்கடை. மாலை ஐந்து மணி ஆகிவிட்டது. ஒத்திகையையும் சேர்த்தால் அந்தப் பெண் அதே காலில் அறுபதுக்கு மேல் உதைத்திருந்தாள். ஏழாவது டேக்கில் கான்வாஸ் ஷூவின் விளிம்பு நடிகரின் கீழ்த்தாடையில் பட்டது. பல் உதட்டுக்குள் இறங்கியது. ஈர்க்குச்சி கீழே விழுந்ததால் பிழைத்தார். வாய்க்குள் போயிருந்தால் இந்த ஆய்வு வேறு மாதிரி இருந்திருக்கும்.

உடனே செய்தவை

மாஸ்டர்தான் முதலில் ஓடினார். போட்டிக் களத்தில் பழகிய கை என்பதால் இந்தப் பகுதி சரியாகவே நடந்தது. நடிகரை உட்காரவைத்து, இரத்தம் தொண்டைக்குள் போகாதபடி தலையை முன்னால் சாய்த்து, சுத்தமான துணியால் அழுத்திப் பிடித்தார். துணியில் சுற்றிய ஐஸை வெளியிலிருந்து வைத்தார். மெதுவாகப் பல்லைக் கடிக்கச் சொல்லி, மேல்வரிசையும் கீழ்வரிசையும் வழக்கம்போலப் பொருந்துகிறதா என்று கேட்டார். பொருந்தாவிட்டால் தாடை முறிவு என்று சந்தேகிக்க வேண்டும். கழுத்து வலி, தலைசுற்றல், கண் மங்கல் பற்றிக் கேட்டார். நடிகர் சிரித்தபடி 'ஒண்ணுமில்லீங்க, எடுத்துடலாம்' என்றார். யாரும் அதைக் காதில் வாங்கவில்லை. மருத்துவமனையில் மூன்று தையல். ஒரு முன்பல் லேசாக ஆடியது. அது பின்னால் தானே இறுகியது. வாந்தி, அசாதாரணத் தூக்கம், குழப்பம் வருகிறதா என்று 24 மணி நேரம் பக்கத்தில் ஆள் வைத்துப் பார்த்துக்கொண்டார்கள்.

அந்தப் பெண்ணைப் பற்றியும் எழுதியாக வேண்டும். அவள் அழுததைவிட, 'மாமா, நான் நிறுத்தப் பாத்தேன், முடியல' என்று திரும்பத் திரும்பச் சொன்னதுதான் கவனிக்க வேண்டியது. காரணம் தேடத் தொடங்கியது அந்த வார்த்தையிலிருந்துதான்.

தயாரிப்பாளர் படப்பிடிப்பை நிறுத்தினார். மறுநாளே வேறு நடிகரைப் போட்டு முடித்துவிடலாம் என்றும் ஒரு யோசனை வந்தது. அதே அமைப்பில் வேறு முகம் வாங்குவதைத் தவிர அதில் எதுவும் மாறாது என்று தள்ளிவிட்டார்கள்.

காரணங்கள்

ஏழு டேக்கையும் வரிசையாக ஓடவிட்டுப் பார்த்ததும் முதல் காரணம் தெரிந்தது. கேமரா நின்ற இடம். பக்கவாட்டிலிருந்து அகல லென்ஸில் எடுத்தால் உதைக்கிறவருக்கும் வாங்குகிறவருக்கும் நடுவே உள்ள தூரம் சட்டகத்தின் குறுக்கே விரிந்து கிடக்கும். அதை மறைக்க ஒரே வழி உண்மையிலேயே நெருங்குவதுதான். கேமராவை உதைக்கிறவரின் பின்னாலோ வாங்குகிறவரின் தோளுக்குப் பின்னாலோ கொண்டுபோனால் அதே தூரம் லென்ஸின் நேர்க்கோட்டில் ஒடுங்கிவிடும். பாதம் முகத்தை மறைத்துக் கடக்கிற அந்த ஒரு கணத்தில் பட்டதா படவில்லையா என்று எந்தக் கண்ணாலும் சொல்ல முடியாது. லென்ஸ் நகர்ந்து முடிக்க வேண்டிய வேலையை அந்தப் பெண்ணின் கால் நகர்ந்து முடிக்கப் பார்த்தது.

இரண்டாவது, அவள் பழகிய விளையாட்டு. டேக்வாண்டோ 1988 சியோலிலும் 1992 பார்சிலோனாவிலும் ஒலிம்பிக்கில் காட்சி விளையாட்டாக இருந்து, 2000 சிட்னியிலிருந்து முழுப் பதக்க விளையாட்டானது. 2012 லண்டனில் மார்புக் கவசத்தில் உதையை எண்ணும் மின்னணுப் புள்ளி முறை வந்தது. 2016 ரியோவில் தலைக்கவசத்துக்கும் வந்தது. மார்பில் உதை லேசாகத் தொட்டால் கருவி எண்ணாது, அழுத்திப் பட வேண்டும். அதனால் கியோருகி, அதாவது எதிராளியோடு மோதும் போட்டி, ஆடுகிற இன்றைய ஆட்டக்காரர்கள் முன்காலைத் தூக்கிவைத்துக்கொண்டு, எதிராளியை நோக்கி இடுப்பைத் தள்ளி, பட்ட இடத்தைத் தாண்டி அழுத்துகிறார்கள். எட்டு வருடம் அப்படியே பழகிய உடல், காற்றில் நிறுத்து என்றால் நிறுத்தாது. களைத்த பிறகு சுத்தமாக நிறுத்தாது. எதிராளி இல்லாமல் அசைவுகளை வரிசையாகச் செய்துகாட்டும் பூம்சே பழகியவர்கள் உதையை உச்சியில் பிடித்து நிறுத்திக் காட்டுவார்கள். திரைக்கு அதுதான் தோதானது. தம்பி பூம்சே ஆடுகிறவன், அக்கா கியோருகி. இந்த வித்தியாசம் மாஸ்டருக்கு நன்றாகத் தெரியும். இயக்குநர் கேட்கவில்லை, அவரும் அது முக்கியம் என்று நினைக்கவில்லை.

மூன்றாவது, ஷூ. கிளப்பில் ஒத்திகை வெறுங்காலில். செட்டில் உடைக்கு ஏற்ற கான்வாஸ் ஷூ. அதன் முனை ஏறக்குறைய இரண்டு சென்டிமீட்டர் கூடுதலாக எட்டும். நான்கு விரல்கடை இடைவெளியில் இரண்டு சென்டிமீட்டர் சிறிதல்ல. இன்னொரு பக்கம், ரப்பர் அடி தரையைக் கவ்வுவதால் ஊன்றிய கால் சுழலாமல் முழங்கால் முறுக்கிக்கொள்ளும். பரோட்டாக் கடைத் தரையில் எண்ணெய்ப் பிசுக்கு வேறு. ஒரு டேக்கில் கவ்வியது, அடுத்ததில் வழுக்கியது. ஒவ்வொரு உதையும் வேறு உயரத்துக்குப் போனது அதனால்தான்.

நான்காவது, வாங்குகிறவர். மேடை நடிகர்கள் எதிராளிக்கு உதவுவார்கள். கால் வரும்போது அவர் தலையைச் சற்று முன்னால் கொண்டுபோய் வாங்கினார். முதல் டேக்கிலேயே அது தெரிகிறது. மானிட்டரைப் பார்த்தவர்கள் எல்லாரும் காலையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

கடைசியாக, எண்ணிக்கை. அவள் காது கிளப்பின் 'ஹனா, தூல், செட்', அதாவது கொரிய மொழியில் ஒன்று, இரண்டு, மூன்று, கேட்டுப் பழகியது. துணை இயக்குநர் தமிழில் எண்ணினார், கேமரா உதவியாளர் மலையாளத்தில் 'ரெடியா?' என்றார், இயக்குநர் 'ஆக்ஷன்' என்றார். அவள் எண்ணிக்கையில் கிளம்பினாள், நடிகர் 'ஆக்ஷன்' கேட்டுத் திரும்பினார். அரை நொடி வித்தியாசம்.

அனுமதிச் சிக்கல்

ஆவணங்களைச் சரிபார்த்தபோது வேறொன்று வெளிப்பட்டது. 14 வயதுக்குக் குறைந்த பிள்ளையைப் படத்தில் நடிக்கவைக்க, 2017-ல் திருத்திய குழந்தைத் தொழிலாளர் விதிகளின்படி, படப்பிடிப்பு நடக்கிற மாவட்டத்தின் ஆட்சியரிடம் முன்கூட்டியே உறுதிமொழி கொடுத்து அனுமதி வாங்க வேண்டும். ஒரு நாளில் ஐந்து மணி நேரத்துக்கு மேல் வேலை கூடாது; ஓய்வில்லாமல் மூன்று மணி நேரத்தைத் தாண்டக் கூடாது. ஐந்து பிள்ளைகளுக்கு ஒருவராவது பொறுப்பாளர் இருக்க வேண்டும். பிள்ளையின் வருமானத்தில் குறைந்தது 20 விழுக்காட்டைத் தேசியமயமான வங்கியில் அதன் பெயரில் நிரந்தர வைப்பாகப் போட வேண்டும்.

யூனிட் கோயம்புத்தூர் ஆட்சியரிடம் வாங்கியிருந்தது. வீட்டுக் காட்சிக்கு அது போதும். கடை இருப்பது பாலக்காடு மாவட்டம். பையன் குதிகாலில் அடிபட்டது அனுமதியில்லாத இடத்தில். எல்லையோரத்தில் இந்தத் தவறு எளிதில் நடக்கும். காலையில் ஒரு மாவட்டத்தில் டீ குடித்து, மதியம் இன்னொன்றில் சாப்பிடுகிற ஊர் இது. பாலக்காட்டு அனுமதி வரும்வரை பையனின் காட்சிகளைத் தொடுவதில்லை என்று முடிவாயிற்று. அதற்கு 19 நாள் பிடித்தது. நடிகரின் உதடு ஆறவும் அது தோதாக அமைந்தது.

மாற்றி அமைத்தவை

கொச்சியிலிருந்து ஒரு ஸ்டண்ட் மாஸ்டர் வந்தார். கிளப் மாஸ்டரை அனுப்பிவிடவில்லை. உதை எப்படிப் போக வேண்டும் என்பது ஒருவர் பொறுப்பு, எங்கே நிற்க வேண்டும், கேமரா எங்கே என்பது மற்றவர் பொறுப்பு. யார் 'வேண்டாம்' என்றாலும் டேக் கிடையாது.

ஒத்திகை கிளப்பிலேயே இரண்டு நாள், அதே ஷூவோடு. உதைக்கிறவள் ஊன்றும் காலுக்குத் தரையில் டேப்பால் பெருக்கல் குறி. நடிகரின் கால்விரலுக்கு முன்னால், விரிப்புக்கு அடியில் ஒரு கயிறு. முன்னால் வந்தால் பாதத்துக்கே தெரிந்துவிடும், கண்ணால் பார்க்க வேண்டியதில்லை. அவர் முகத்துக்கு ஒரு சாண் முன்னால் கிக் பேடை, அதாவது உதைப் பயிற்சிக்கான மெத்தைப் பட்டையை, பிடித்தார்கள். உதை பேடில் படாமல் கடக்க வேண்டும். தொடர்ந்து பத்து முறை படாமல் கடந்த பிறகுதான் பேடை எடுத்தார்கள். முதல் நாள் அவளால் ஐந்தைத் தாண்ட முடியவில்லை. இடுப்பைத் தள்ளாமல், முழங்காலை உயர்த்தி மடக்கிவைத்து, பாதத்தை வீசி உடனே இழுத்துக்கொள்ளும் பூம்சே முறையைத் தம்பிதான் பக்கத்தில் நின்று காட்டிக் கொடுத்தான்.

எண்ணிக்கை ஒரே குரலில், கொரிய மொழியில். அதைவிடப் பயன்பட்டது நிறுத்தச் சொல். போட்டியில் நடுவர் 'கல்யோ' என்றால் ஆட்டக்காரர்கள் அந்த நொடியே பிரிந்து நிற்பார்கள். 'கட்' என்றால் முடிக்கிற அசைவை முடித்துவிட்டுத்தான் நிற்கும் இந்தப் பிள்ளைகள், 'கல்யோ' என்றால் காலை நடுவழியிலேயே இறக்கிவிடுவார்கள். யூனிட் மொத்தமும், டீ கொண்டுவருகிறவர் உட்பட, அந்தச் சொல்லைக் கற்றுக்கொண்டது.

ஈர்க்குச்சிக்குப் பதிலாக ஸ்ட்ராவிலிருந்து வெட்டிய மெல்லிய கீற்றுக்கு வண்ணம் பூசி, தூண்டில் நரம்பு கட்டி, சட்டகத்துக்கு வெளியிலிருந்து உதவியாளர் இழுப்பதாக ஏற்பாடு. கால் எதையும் தொட வேண்டிய தேவையே இல்லாமல் போனது.

பலகைக்கு மீண்டும் பைன். உதை படாத பின்பக்கத்தில், நார் ஓடும் திசையிலேயே, கனத்தில் மூன்றில் ஒரு பங்கு ஆழத்துக்கு ரம்பத்தால் கீறல். உதைக்கும்போது விரிந்து கிழிவது பின்பக்கம் என்பதால் கீறல் அங்கேதான் இருக்க வேண்டும்; முன்பக்கம் போட்டால் கேமராவிலும் தெரியும், உடைக்கவும் அவ்வளவு உதவாது. பிடிக்கும் ஓரங்கள் நாருக்கு இணையாக வரும்படி அம்புக்குறி போட்டார்கள். திருப்பிப் பிடித்தால் அதே பலகை பல மடங்கு உறுதியாகிவிடும்.

கதையில் இன்னொரு உதையும் இருந்தது. அம்மா மைதா மூட்டையை உதைக்க, வெள்ளைப் புகை போல மாவு எழும்ப வேண்டும், பின்னால் கல்லடுப்பு எரிந்துகொண்டிருக்கும். முன்பு யாரும் இதைக் கேள்வி கேட்கவில்லை. காற்றில் பரவிய மாவுத் தூள் தீ பட்டால் குப்பென்று பிடிக்கும். மூடிய கடைக்குள் அது வெடிப்புதான். அடுப்பை அணைத்து, சிலிண்டரை வெளியே வைத்து, கல்லுக்கு அடியில் ஆரஞ்சு நிற எல்.இ.டி. விளக்கு வைத்தார்கள். இந்த ஓர் ஆபத்து மட்டும் நடப்பதற்கு முன்பே பிடிபட்டது.

மறு படப்பிடிப்பு

தரையைச் சோப்பு போட்டு இரண்டு முறை கழுவி, உதை நடக்கும் இடத்தில் 25 மில்லிமீட்டர் நுரை விரிப்பைத் தரையின் சிவப்பிலேயே வண்ணம் பூசிப் போட்டார்கள். ஈர்க்குச்சி உதைக்கு இரண்டு அமைப்பு. கடைக்கு முன்சுவர் கிடையாது என்பதால் கேமராவைத் தெருவோரத்துக்கே தள்ளி, எட்டு மீட்டரில் 50 மில்லிமீட்டர் லென்ஸ், பெண்ணின் பின்தோள் பக்கமாக. இரண்டு பேரின் முழு உடலும் கிடைத்தது. பிறகு ஐந்து மீட்டரில் 85, நடிகரின் நெஞ்சுக்கு மேல் மட்டும். ஷட்டர் நொடியில் நூறில் ஒரு பங்கு. ஐம்பதில் ஒரு பங்கு வைத்தால் பாதம் வெறும் கறையாகத் தெரிகிறது. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் இரண்டு வேகத்திலும் கடையின் டியூப்லைட் மினுக்காது, அந்தக் கவலை இல்லை. ஸ்லோ மோஷனுக்கு மட்டும் டியூப்லைட்டை அணைத்துவிட்டார்கள்.

ஆடி மாதம். பாலக்காட்டுக் கணவாய்க் காற்று வெளிச்சத்தைத் திருப்பிவிடத் தெருவோரத்தில் வைத்த தெர்மோகோல் பலகைகளைத் தூக்கி எறிந்தது. ஒவ்வொன்றுக்கும் ஓர் ஆள் உட்கார வேண்டியதாயிற்று.

ஓர் உதைக்கு நான்கு டேக்குக்கு மேல் கிடையாது, அதன்பின் கால் மணி ஓய்வு. ஈர்க்குச்சி மூன்றாவது டேக்கில் முடிந்தது. பையன் பலகையை முதல் டேக்கிலேயே பிளந்தான். அப்பா நடிகர் நிஜமாகவே திகைத்த முகம்தான் படத்தில் இருக்கிறது.

விளைவு

கூடுதல் செலவில் பெரிய பங்கு இடத்தின் வாடகைக்கும் திரும்பக் கூட்டிய கால்ஷீட்டுக்கும் போனது. ஸ்டண்ட் மாஸ்டரை முதலிலேயே அழைத்திருந்தால் ஆகியிருக்கும் செலவைவிட இது அதிகம் என்று தயாரிப்பாளரே கணக்குப் போட்டுச் சொன்னார்.

படத்தொகுப்பில் ஒரு பயன் கிடைத்தது. உதை கடந்த இரண்டு மூன்று ஃபிரேமில் நடிகர் துடித்தால் அது சண்டை. பன்னிரண்டு ஃபிரேம், அதாவது அரை நொடி, அசையாமல் நின்றுவிட்டுத் துடித்தால் அரங்கமே சிரிக்கிறது. முன்பு உண்மையாகப் படும் தூரத்தில் நின்றபோது அவரால் அந்த அரை நொடி நிற்கவே முடியவில்லை. உடம்பு தானாகப் பின்வாங்கியது. ஒரு சாண் தள்ளி நின்றதும் பயம் போய் முகம் அசையாமல் நின்றது.

ஏழாவது டேக்கைப் படத்தின் கடைசியில் வரும் தவறிய காட்சிகளில் சேர்க்கலாம் என்று பேச்சு வந்தது. அந்தப் பெண்ணின் அம்மா வேண்டாம் என்றார். சேர்க்கவில்லை.

அடுத்த முறை மாற வேண்டியவை

பலகை, குச்சி, ஷூ என உதைப்பவரின் உடலைத் தொடும் எந்தப் பொருளை மாற்றினாலும் கலைத்துறையினர் மாஸ்டரின் கையெழுத்தை வாங்க வேண்டும். முதல் நாள் பிளைவுட் விஷயத்தில் அன்று மாலையே உட்கார்ந்து பேசியிருந்தால், மறுநாள் ஷூவையும் யாராவது கேட்டிருப்பார்கள். 'இன்னும் கிட்ட' என்ற சொல் இரண்டாம் முறை வந்தால் நடிகர் நகரக் கூடாது, கேமரா நகர வேண்டும். பிள்ளைகளுக்கான அனுமதியை இடம் பார்க்கும் நாளிலேயே மாவட்ட வாரியாகப் பிரித்து எழுதி வைக்க வேண்டும். உதைக்கிறவரைப் பார்க்க ஓர் ஆள், வாங்குகிறவரின் தலையை மட்டும் பார்க்க இன்னோர் ஆள் மானிட்டரில் இருக்க வேண்டும்.

ஒன்றில் மட்டும் இன்னும் ஒத்துப்போகவில்லை. பக்கவாட்டில் அகல லென்ஸில் எடுத்த பழைய அமைப்புதான் அதிகம் சிரிக்கவைக்கும், ஈர்க்குச்சி மட்டும் பறப்பது அதில்தான் தெளிவாகத் தெரியும் என்கிறார் இயக்குநர். அந்தக் கோணம் வேண்டுமானால் உதையையும் முகத்தையும் தனித்தனியே எடுத்துப் பின்னால் ஒட்டிக்கொள்ளட்டும், இரண்டு பேரும் ஒரே நேரத்தில் அங்கே நிற்க விடமாட்டேன் என்கிறார் ஸ்டண்ட் மாஸ்டர்.